சக்கரப் பெட்டியின் மேல் கவிழ்த்த படகு

பெம்புரோக் டாக்
1866 பிப்ரவரி 11

ஹெஸ்டர்,

பத்து வருஷமாக உனக்கு நான் எழுதவில்லை. இப்போதும் ஆசைப்பட்டு எழுதவில்லை.

கல் கொத்தும் அப்சலோம் மோர்ஸின் பட்டறை என் வீட்டிலிருந்து இரண்டு தெரு தள்ளி இருப்பதை நீ மறந்துவிட்டாய் போலிருக்கிறது. நேற்று ஹெர்ரிங் மீன் வாங்கப் போனவள் உள்ளே எட்டிப் பார்த்தேன். ஒரு வெள்ளைக் கல்லை மேடையில் கிடத்திக் கோடு போட்டுக்கொண்டிருந்தான். தெசலி போர்க்கப்பலோடு முழுகியவர்களுக்காக டாக்யார்டு தேவாலயத்தில் பதிக்கப் போகிற கல்லாம். உல்விச்சில் இருக்கிற மிஸஸ் ஸ்கோர்ஃபீல்டு என்ற பெரிய மனுஷியின் ஏற்பாடாம். அந்தப் பெரிய மனுஷி என் கூடப்பிறந்த தங்கச்சி என்பது அவனுக்குத் தெரியாது. டென்பியிலிருந்து புதிதாக வந்தவன்.

எழுத்துக்கூட்டிப் படித்தால் எனக்குப் பொழுது போய்விடும் என்று அவனையே வாசிக்கச் சொன்னேன். கேப்டன் டெலமியரில் ஆரம்பித்து, லெப்டினன்ட், டாக்டர், பீரங்கிக்காரர்கள், மாலுமிகள், கரி அள்ளுகிறவர்கள் என்று இறங்கி, கப்பல் பையன்களில் முடித்தான். அந்தக் கப்பலின் போசனாக இருந்த என் மகன் டோபியாஸ் பெயர் வரவில்லை. மறுபடி வாசிக்கச் சொன்னேன். மறுபடியும் வரவில்லை. போசன் பெயர் எங்கே என்று கேட்டேன்.

"குடுத்த பேரத்தான் பாட்டி நான் வெட்டுறேன். போசன்னு இதுல யாரையும் காணோம்" என்றான்.

கயிறும் பாயும் படகும் பார்க்க ஆளில்லாமல் ஒரு போர்க்கப்பல் பத்து வருஷம் கடலில் ஓடியது என்று தேவாலயத்துச் சுவரில் எழுதப் போகிறாயா? என் மகனின் உடம்பு கிடைக்கவில்லை. போய் நிற்க எனக்கு ஒரு குழி கிடையாது. அந்தக் கல்தான் அவனுக்குக் குழி, அதுதான் அவனுக்குச் சிலுவை. ஈஸ்டர் அன்று திறக்கப் போவதாக மோர்ஸ் சொன்னான். அதற்குள் டோபியாஸ் கைதர் என்ற பெயர் அதில் ஏறியிருக்க வேண்டும்.

லெட்டிஷியா

*

உல்விச்
1866 பிப்ரவரி 16

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதம் கிடைத்தது. உங்கள் துக்கம் எனக்குப் புரியாமல் இல்லை. ஆனால் இந்தக் கல் என் சொந்தச் சொத்து அல்ல. இதற்கென ஒரு குழு இருக்கிறது. இறந்த அதிகாரிகளின் குடும்பத்தார் அதில் இருக்கிறார்கள். டோபியாஸின் பெயரைச் சேர்த்தால் கேப்டன் டெலமியரின் தாயார் விலகிக்கொள்வதாகச் சொல்லிவிட்டார்.

காரணத்தை நான் சொல்லித்தான் நீங்கள் அறிய வேண்டும் என்பதில்லை. கடற்படை விசாரணை மன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. கப்பல் பாறையில் ஏறியபோது இடது பக்கத்துப் பெரிய படகு இறங்கியது. அதில் ஏறியவர்கள் எல்லோரும் பிழைத்தார்கள். வலது பக்கத்துப் படகு இறங்கவில்லை. அதைத் திருப்பும் சுழலாணிகள் அசையாமல் இறுகிக் கிடந்தன. அவற்றைப் பராமரிக்க வேண்டியவர் போசன். மன்றம் சொன்னது இவ்வளவுதான்.

முப்பத்தொரு பேர் இறந்தார்கள். அவர்களைச் சாகவிட்டவரின் பெயரை அவர்கள் பெயரோடு சேர்த்து வெட்டும்படி அவர்களுடைய தாய்மார்களிடம் எப்படிக் கேட்பது? மேற்கொண்டு மோர்ஸின் பட்டறைக்குப் போய் அவர் வேலையைக் கெடுக்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன்.

குளிர் காலம். உடம்பைப் பார்த்துக்கொள்ளவும்.

தங்கள்,
ஹெஸ்டர் ஸ்கோர்ஃபீல்டு

*

பெம்புரோக் டாக்
பிப்ரவரி 21

ஹெஸ்டர்,

எப்போதிலிருந்து எனக்கு 'நீங்கள்'? உன் தலையில் பேன் பார்த்தவள் நான். உன் கல்யாணத்தன்று உன் ஷூவுக்கு நான்தான் கயிறு கட்டினேன். 'தங்கள்' என்று கையெழுத்துப் போட்டால் நான் பயந்து ஒதுங்கிவிடுவேன் என்று நினைத்தாயா?

தெசலி எப்படிப்பட்ட கப்பல் என்று எனக்கும் தெரியும். அது இந்த ஊர் மரமேடையில் வளர்ந்த கப்பல். உன் பிலிப் ஸ்கோர்ஃபீல்டு டாக்யார்டில் படம் வரைகிறவனாக இருந்த காலத்தில் என் சமையலறையில் உட்கார்ந்துதான் அதை வரைந்தான், உன் வீட்டில் விளக்கு புகைகிறது என்று. படகு விஷயத்தில் மட்டும் அவன் கெட்டிக்காரன், இல்லையென்று சொல்லமாட்டேன். நீராவியில் சுழன்று தண்ணீரைத் தள்ளுகிற சக்கரத்தைக் கப்பலின் பக்கவாட்டில் மாட்டினால் படகு தொங்கவிட இடம் இருக்காது. அதனால் சக்கரத்தை மூடுகிற பெட்டிக்கு மூடியாகப் படகையே கவிழ்த்து வைத்துவிட்டான். என் மாவுத் தொட்டியைப் பாலாடைக்கட்டி மேல் கவிழ்த்து, "பாருங்க அண்ணி, ஆபத்துன்னா இப்படி ஒரு புரட்டு, அப்படியே தண்ணியில இறக்கு, மூடியும் அதுவே படகும் அதுவே" என்று காட்டினான். தொட்டி புரண்டு என் கால் கட்டைவிரலில் விழுந்தது. அந்த நகம் இன்னும் கோணலாகத்தான் இருக்கிறது.

மற்றதெல்லாம் அவன் கணக்குப் போட்ட லட்சணம் ஊருக்கே தெரியும். நிலக்கரி நிறைய ஏற்றினால் அச்சு வரைக்கும் சக்கரம் முழுகிவிடும். சேற்றில் மாட்டிய மாடு மாதிரி நகராது. கரி எரிந்து தீர்ந்தால் கப்பல் மேலே எழும்பி, சக்கரம் பாதிக் காற்றைத் துழாவும். நடு விலாவைச் சக்கரம் தின்றுவிட்டதால் பீரங்கி முன்னாலும் பின்னாலும் மட்டும்தான். பக்கத்தில் வருகிறவனைச் சுட வேண்டுமென்றால் முதலில் அவனிடம் முன்னால் வந்து நிற்கும்படி கேட்டுக்கொள்ள வேண்டும் என்று டோபியாஸ் சொல்லிச் சிரிப்பான். கருங்கடல் சண்டையில் அந்தக் கப்பல் செய்த பெரிய வேலை, காற்றில்லாமல் நின்ற பாய்க்கப்பல்களைக் கயிறு கட்டி இழுத்ததுதான். அந்தக் கயிறுகளும் என் மகன் கையில்தான் இருந்தன.

முழுகிய அன்று நடந்ததை ரூபன் பிரைஸ் என் எதிரில் உட்கார்ந்து சொன்னான். இடது படகில் பிழைத்து வந்தவன் அவன். மூடுபனி, பிரான்ஸின் பிரிட்டனி கரை, பாறை. வலது சக்கரப் பெட்டி மேல் டோபியாஸ் கோடாலியோடு நின்றான். உடன் நின்றவர்களை இடது பக்கம் ஓடச் சொல்லிவிட்டான். "நீங்க போங்கடா, நான் இதத் திருப்பிட்டு வரேன்" என்றானாம். ரூபன் திரும்பிப் பார்த்தபோது அவன் இன்னும் வெட்டிக்கொண்டிருந்தான்.

இவனா சாகவிட்டவன்? அந்தக் கிழவி விலகுகிறாளா, விலகட்டும். அவள் மகன்தான் கப்பலைப் பாறையில் ஏற்றினான். அவன் பெயர் மட்டும் தலைமாட்டில் இருக்கிறது.

லெட்டி

*

உல்விச்
பிப்ரவரி 27

அக்காவுக்கு,

பிலிப்பைப் பற்றி நீங்கள் எழுதியதை இரண்டு முறை படித்தேன். அவர் இறந்து ஆறு வருடம் ஆகிறது. அவரால் பதில் சொல்ல முடியாது என்பதால் நான் சொல்கிறேன்.

அவர் வரைந்த கப்பல் வேறு, கட்டப்பட்ட கப்பல் வேறு. அவர் வரைந்ததில் கரிக்கிடங்கு சிறியது, பீரங்கிகள் இலேசானவை. வரைபடம் கையெழுத்தான பிறகு மேலிடத்தில் ஒருவர் தொலைதூரம் போக வேண்டும் என்று கரியைக் கூட்டினார். இன்னொருவர் பிரெஞ்சுக்காரனிடம் இருக்கிறதென்று பெரிய பீரங்கி கேட்டார். கப்பல் தண்ணீரில் அமிழ்ந்ததும் இருவரும் பிலிப்பைப் பார்த்தார்கள். அதையும் பொறுத்துக்கொண்டார். அவர் பெருமையாக நினைத்ததெல்லாம் அந்தப் படகுகள் மட்டும்தான். கப்பல் போனபோது அந்தப் படகுதான் இறங்கவில்லை என்று செய்தி வந்தது. அன்றைக்கு அவர் நாற்காலியைச் சுவர்ப் பக்கம் திருப்பிப் போட்டு உட்கார்ந்தார். அதன்பின் எந்தக் கப்பலையும் அவரிடம் கொடுக்கவில்லை. விசாரணை மன்றம், அமைப்பில் குறையில்லை, பராமரிப்பில்தான் குறை என்று சொன்ன பிறகும் கொடுக்கவில்லை.

இந்தக் கல்லின் ஓரத்தில், கப்பலை வரைந்தவர் பிலிப் ஸ்கோர்ஃபீல்டு என்று ஒரு வரி வரப் போகிறது. அதற்காகத்தான் மூன்று வருடமாக ஒவ்வொரு வீடாகப் படியேறினேன். டோபியாஸை அதில் வைத்தால், போசன் மேல் தவறில்லை என்று ஆகும். போசன் மேல் தவறில்லை என்றால் ஆணியின் மேல் தவறு. ஆணி என் கணவருடையது. உங்கள் மகனைக் காப்பாற்ற என் கணவரை இரண்டாம் முறை புதைக்க என்னால் முடியாது.

ஒரு சுழலாணிக்கு மாட்டுக் கொழுப்புத் தடவி வைப்பது என்ன பெரிய வித்தையா? உங்கள் மகனுக்கு இருந்தது அந்த ஒரு வேலை. அதைச் செய்யவில்லை.

இதுவே என் கடைசிக் கடிதமாக இருக்கட்டும்.

ஹெஸ்டர்

*

பெம்புரோக் டாக்
மார்ச் 4

ஹெஸ்டர்,

கொழுப்பு என்று நீயே எழுதிவிட்டாய். உன் கை கூசவில்லை. சரி, கொழுப்பைப் பற்றியே பேசலாம்.

கருங்கடலிலிருந்து திரும்பி வந்து தெசலி ஷியர்னஸ் துறைமுகத்தில் நின்றபோது, கேப்டன் டெலமியர் கப்பலில் ஒரு பகல் விருந்து கொடுத்தார். பிலிப்பும் நீயும் போனீர்கள். பிலிப் உன்னைச் சக்கரப் பெட்டிக்குக் கூட்டிப் போய்த் தன் படகைக் காட்டினான். சுழலாணிப் பக்கத்தில் டோபியாஸ் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். நீ தூக்கி வளர்த்தவன். உன்னைச் சித்தி என்று அவன் கூப்பிடவில்லை, அதிகாரிகள் முன்னால் கூப்பிடக் கூடாது என்று அவனுக்குத் தெரியும். நீயாவது ஒரு வார்த்தை பேசியிருக்கலாம். அவனைத் தெரிந்த மாதிரியே நீ காட்டிக்கொள்ளவில்லை.

ஆணிகளில் கொழுப்பு இருந்தது, ஹெஸ்டர். வழிய வழிய இருந்தது. நீ குனிந்து பார்த்தாய். உன் சாம்பல் நிறப் பட்டுக் கவுன் முன்பக்கம் முழுக்க அப்பிக்கொண்டது. நீ கீச்சென்று ஒரு சத்தம் போட்டாய். விருந்துக்கு வந்தவர்கள் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். டெலமியர் முகம் சிவந்துவிட்டது. அந்த ஆள் எப்படிப்பட்டவர் என்று உனக்குத் தெரியும். தன் கைக்காசில் வெள்ளைப் பெயின்ட்டும் தங்க ரேக்கும் வாங்கிக் கப்பலை மினுக்குகிறவர். துறைமுகம் முழுக்க அந்தக் கப்பலைப் 'பால்காரி' என்று கேலி செய்வார்கள்.

"இது போர்க்கப்பலா, கசாப்புக் கடையா போசன்?" என்று உன் எதிரிலேயே கேட்டார். அன்று சாயங்காலமே உத்தரவு. கொழுப்பைச் சுரண்டி எடுத்து, ஆணியைத் துணியால் உலரத் துடைத்து, வெள்ளைப் பெயின்ட் அடிக்க வேண்டும். ஆணி இறுகிவிடும் என்று டோபியாஸ் சொல்லிப் பார்த்தான். உத்தரவு உத்தரவுதான் என்று பதில் வந்தது. அதற்குப் பிறகு பெரிய அதிகாரி யார் பார்வையிட வந்தாலும் மேலே இன்னொரு பூச்சு. ஆணி, கொக்கி, படகு பெட்டியில் உட்கார்கிற விளிம்பு எல்லாம் ஒன்றாக ஒட்டிப் பீங்கான் மாதிரி ஆகிவிட்டது. இடது படகு எப்படி இறங்கியது என்று மன்றத்தில் ஒருத்தரும் கேட்கவில்லை. முழுகுவதற்குக் கொஞ்ச நாள் முன்னால் ஒரு பட்டாளத்தின் குதிரைகளைக் கரையேற்ற அதை இறக்கினார்கள். அப்போது பூச்சு உடைந்தது. வலது படகைத் தொட வேண்டிய வேலை வரவில்லை. தொடவில்லை.

கடைசி விடுப்பில் வந்தபோது கஞ்சி குடித்துக்கொண்டே டோபியாஸ் இதைச் சொன்னான். "அம்மா, சித்தி கவுன்ல ஒரு கை கொழுப்பு போச்சு. அதுக்குக் கப்பல் முழுக்க வெள்ளையடிச்சாச்சு. நல்லவேளை, என் மூஞ்சிய விட்டுட்டாங்க" என்றான். நானும் சிரித்தேன்.

பத்து வருஷம் இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. ரூபன் பிரைஸிடம் கூடச் சொல்லவில்லை. செத்துப்போன டெலமியருக்கு மரியாதை என்று மௌனமாக இருந்தேன் என்று நினைக்காதே. உன் பெயர் சந்தையில் அடிபட வேண்டாம் என்று இருந்தேன். என் மகனைக் கல்லிலிருந்து நீ எடுப்பாய் என்று தெரிந்திருந்தால் அன்றைக்கே மீன் சந்தையில் நின்று கத்தியிருப்பேன்.

லெட்டி

*

உல்விச்
மார்ச் 8

லெட்டி,

நீ எழுதியது அத்தனையும் கட்டுக்கதை. ஒரு கவுனுக்காகப் போர்க்கப்பலின் படகைப் பூட்டி வைப்பார்கள் என்று எந்தக் குழந்தையும் நம்பாது.

அது சாம்பல் நிறமே அல்ல. புறா நிறம். பட்டும் அல்ல, பட்டும் கம்பளியும் கலந்து நெய்தது. பிலிப் சம்பளம் உயர்ந்தபோது வாங்கித் தந்தது, அன்றுதான் முதல் முறை உடுத்தினேன். அந்தக் கறை எதற்கும் போகவில்லை. கேப்டனிடம் நான் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. பரவாயில்லை என்றுதான் சொன்னேன். அவர்தான் கேட்கவில்லை. அதற்கு நான் என்ன செய்ய முடியும்?

டோபியாஸைத் தெரிந்த மாதிரி காட்டிக்கொள்ளவில்லை என்கிறாய். அவன் கை முழுக்கக் கொழுப்பு. நான் என்ன, கையைப் பிடித்துக் குலுக்கியிருக்க வேண்டுமா?

இதை வெளியே சொன்னால் ஒரு வழக்கறிஞரிடம் போவேன்.

ஹெஸ்டர்

*

பெம்புரோக் டாக்
மார்ச் 12

ஹெஸ்டர்,

போ. புறா நிறம் என்று அவரிடமும் சொல்.

நடந்தது என்று உன் கையாலேயே எழுதிக் கொடுத்துவிட்டாய். இந்தக் காகிதத்தை நான் யாரிடமும் காட்டப் போவதில்லை. எனக்கு அது தேவையில்லை, வாய் இருக்கிறது. ஈஸ்டர் அன்று பாதிரியார் பெயர்களை வாசிப்பார். கப்பல் பையன்கள் முடிந்ததும் நான் எழுந்து நிற்பேன். போசன் பெயரைச் சொல்வேன். ஏன் அது கல்லில் இல்லை என்றும் சொல்வேன். டெலமியரின் அம்மாவும் கேட்கட்டும். என்னை வெளியே தூக்கிப் போக வேண்டுமென்றால் டாக்யார்டு ஆட்கள்தான் தூக்க வேண்டும். அவர்களில் பாதிப் பேர் டோபியாஸோடு கப்பலில் இருந்தவர்கள்.

நீ ஒன்றை யோசித்துப் பார்க்கவில்லை. கொழுப்பு இருந்தது என்றால் என் மகன் மேல் தவறில்லை. பெயின்ட்தான் இறுக்கியது என்றால் உன் பிலிப்பின் ஆணி மேலும் தவறில்லை. அந்த மனுஷன் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தபோது நீ வாயைத் திறந்திருந்தால் நாற்காலியைத் திருப்பிப் போட்டிருப்பான். நான்கு வருஷம் பக்கத்திலேயே இருந்தாய். ஒரு துணியின் கதையைச் சொல்ல வெட்கப்பட்டு அவனை அப்படியே விட்டுவிட்டாய்.

நான் எழுந்து நிற்கவா, வேண்டாமா? மோர்ஸிடம் உளி இன்னும் இருக்கிறது.

லெட்டி

*

உல்விச்
மார்ச் 22

லெட்டி,

மோர்ஸுக்குச் சொல்லி அனுப்பிவிட்டேன். பெயர் வரும்.

அதிகாரிகள் வரிசையில் வராது. போசன் என்ற பதவியும் இருக்காது. பெயர் மட்டும். கப்பல் பையன்களுக்கும் கீழே, கடைசி வரியில். அங்கேதான் இடம் மிச்சம் என்று குழுவிடம் சொல்லியிருக்கிறேன். டெலமியரின் தாயாருக்குக் கண் மங்கல். அவ்வளவு கீழே அவர் பார்க்கமாட்டார்.

பிலிப்பைப் பற்றிய வரியை எடுக்கச் சொல்லிவிட்டேன். ஏன் என்று கேட்காதே.

திறப்பு விழாவுக்கு நான் வரவில்லை. மூட்டு வலி. நீ எழுந்து நிற்க இனிக் காரணம் இல்லை. பதில் எழுத வேண்டாம்.

ஹெஸ்டர்

*

பெம்புரோக் டாக்
1866 ஏப்ரல் 3

ஹெஸ்டர்,

வேண்டாம் என்றாய். அதனாலேயே எழுதுகிறேன்.

கல்லைத் திறந்தார்கள். பாதிரியார் வாசித்தார். சமையற்காரன் பெயரைத் தப்பாகச் சொன்னார், அவன் மனைவி முன் வரிசையிலிருந்து திருத்தினாள். பையன்கள் பெயர் முடிந்ததும் ஒரு நொடி நிறுத்தி, டோபியாஸ் கைதர் என்றார். பின்னால் நின்ற டாக்யார்டு ஆட்கள் யாரும் சொல்லாமலே தொப்பியை எடுத்தார்கள். கேப்டன் பெயருக்கு எடுக்கவில்லை. அப்போது மறந்துவிட்டார்கள் என்று ரூபன் பிரைஸ் சொன்னான். அவன் பொய் சொல்லும்போது காதைச் சொறிவான்.

ஒரு போசனைப் பையன்களுக்குக் கீழே வைத்தால் அது எப்பேர்ப்பட்ட அவமானம் என்று இந்த ஊரில் எல்லோருக்கும் தெரியும். அது தெரிந்துதான் நீ வைத்தாய். அதை நான் மறக்கமாட்டேன். நான் செத்தால் நீ வர வேண்டாம். நீ செத்தாலும் நான் வரப்போவதில்லை. பிலிப்பின் வரியை எடுத்தது மட்டும் எனக்குப் பிடிக்கவில்லை. அவன் என் கட்டைவிரலைத் தவிர வேறு யாருக்கும் கெடுதல் செய்ததில்லை. பாவம், அவனை எதற்குத் தண்டித்தாய்?

எல்லோரும் போன பிறகு டெலமியரின் அம்மா கல் முன்னால் வந்து நின்றாள். என்னைவிடக் கிழவி. அவள் மகன் பெயர் உச்சியில், தங்க எழுத்தில் இருக்கிறது. கண்ணாடியை ஏற்றி அண்ணாந்து பார்த்தாள். பிறகு கையுறையைக் கழற்றிவிட்டுக் கையைத் தூக்கினாள். எட்டவில்லை. நுனிக்காலில் நின்று பார்த்தாள். வேலைக்காரி வந்து தோளைப் பிடித்துக் கூட்டிப் போனாள்.

அப்புறம் நான் போனேன். கூன் விழுந்தவள் நான், எனக்கு நுனிக்காலில் நிற்க வேண்டியிருக்கவில்லை. ஜெபம் செய்கிற மாதிரி தரையில் உட்கார்ந்தேன். பெயர் என் முகத்துக்கு நேராக இருந்தது. மோர்ஸ் ஆழமாக வெட்டியிருக்கிறான், விரல் உள்ளே இறங்குகிறது. ஒவ்வொரு எழுத்தாகக் கூட்டி, கடைசி எழுத்து வரைக்கும் தடவிப் படித்தேன்.

லெட்டி